தாழில இருக்கறது ஆதிமனுஷன் இல்லீங்க, தயவுசெஞ்சு எலும்ப கழுவாதீங்க

குடியாத்தம் பக்கத்துல இருந்து எங்ககிட்ட இன்னொரு சிமெண்ட் மூட்டை நெறைய எலும்பு வந்திருக்கு. கடக்கால் போட ஜேசிபி விட்டிருக்காங்க, முதுமக்கள் தாழி, அதான் செத்தவங்க எலும்ப வச்சு பொதைச்ச பெரிய மண்பானை, ஒடஞ்சிருக்கு, உள்ள இருந்த எலும்ப தேய்ச்சு கழுவி பளிச்சுனு கொண்டாந்து "சார், ஆதிமனுஷன்"ங்கறாங்க. வயிறு எரியுது.

நம்ம பக்கத்து தாழி பெரும்பாலும் இரும்புக்காலம், சுமாரா 2,500, 3,000 வருஷம். மொராக்கோ ஜெபெல் இர்ஹூத்ல கெடச்ச நம்ம இனத்து மண்டையோடு ஏறக்குறைய 3 லட்சம் வருஷம், எத்தியோப்பியால கெடச்ச, லூசின்னு பேர் வச்ச ஆதிமனுஷ எலும்புக்கூடு 32 லட்சம். தாழில இருக்கறது நம்ம பாட்டன் பூட்டன்தான்.

அப்புறம் அந்தக் கதை. அந்தக் காலத்துல ஆளுங்க சாகவே மாட்டாங்களாம், வயசாகி வயசாகி கைக்கொழந்த மாதிரி சுருங்கிடுவாங்களாம், உசுரோடயே சோறு தண்ணி வச்சு தாழில எறக்கிடுவாங்களாம். வாத்தியாருங்களே கிளாஸ்ல சொல்றாங்க! வயசானா முதுகு கூனும், உயரம் கொஞ்சம் கொறையும், ஆனா தொடை எலும்பு நீளம் கொறையாது, தாழில கெடைக்கற பெரியாளுங்க தொடை எலும்ப அளந்தா நம்ம ஆளுங்களுக்கு இருக்கற நீளம்தான் இருக்கு. கொழந்தைங்க எலும்பும் தாழில கெடைக்குது, அதுக்கு என்ன சொல்வீங்க? செத்தவங்கள வெளிய வச்சு, சதை போனப்புறம் எலும்ப பொறுக்கி தாழில வைக்கற வழக்கம் பல எடத்துல இருந்திருக்கு. சோறு வச்சது படையல், நாமளும்தான படைக்கிறோம்.

கழுவினா என்ன கெட்டுச்சுன்னு கேக்கறாங்க. 1912ல இங்கிலாந்து பில்ட்டவுன்ல ஆதிமனுஷன்னு காட்டினது 1953ல மோசடின்னு ஆச்சு, மண்டையோடு மனுஷனோடது, தாடை ஒராங்குட்டானோடது. மாட்டிக்கிட்டது முக்கியமா புளோரின் டெஸ்ட்ல, ஏன்னா ஒரே மண்ணுல ஒண்ணா கெடந்த எலும்புங்க மண்ணுத்தண்ணில இருந்து கிட்டத்தட்ட ஒரே அளவுதான் புளோரின் இழுக்கும், அங்க மண்டையோடும் தாடையும் ஒத்துப்போகல. திருவள்ளூர் மாவட்டத்து அத்திரம்பாக்கத்துல ஆதிமனுஷன் எலும்பு ஒண்ணு கூட இல்ல, கல்லாயுதம்தான், மண் அடுக்கு கலையாம இருந்ததாலதான் 15 லட்சம் வருஷம்னு 2011ல சொல்ல முடிஞ்சது. மண்ண பிரிச்சுட்டா எலும்பு பாதி ஊமை.

தாழி வாய் தெரிஞ்சா ஜேசிபிய நிறுத்துங்க. கை வைக்காதீங்க. பக்கத்துல ஒரு ஸ்கேல் வச்சு போட்டோ எடுங்க, விஏஓ கிட்டயோ வேலூர் கோட்டைக்குள்ள இருக்கற அரசு அருங்காட்சியகத்துலயோ சொல்லுங்க. நெலத்த புடுங்கிடுவாங்கன்னு பயந்து மூடி மறைக்காதீங்க, புதையல் சட்டம் 1878ல இருந்தே இருக்கு, மறைக்கறதுதான் குத்தம். பாசிமணி கெடச்சா புள்ளைங்க கழுத்துல கோத்துப் போடாதீங்க.

ஏற்கனவே கழுவிட்டீங்களா, சரி விடுங்க, தாழிக்குள்ள ஒட்டியிருக்கற மண்ணயாவது கொட்டாம வைங்க, நாங்க வந்து சலிச்சுக்கறோம், ஒரு பல்லு கெடச்சா கூட எங்களுக்கு பெருசு.