பயிற்சியாளரா, பயிற்றுநரா?

கெட் கோர்கரன் அயர்லாந்துக்காக ரக்பி லீக் என்ற ரக்பி வகையை ஆடியவர். கொரோனாவால் ஓராண்டு தள்ளிப்போய் 2022-இல் நடந்த உலகக் கோப்பைக்கு அதே அணியை அழைத்துப்போனவரும் அவர்தான். லீட்ஸ் நகரின் ஹெடிங்லி மைதானத்தில் ஜமைக்காவை 48-2 என்று வென்றார்கள். லெபனானிடமும் நியூசிலாந்திடமும் தோற்றதால் காலிறுதிக்குப் போக முடியவில்லை. இப்படிப்பட்ட ஒருவரைத் தமிழில் அறிமுகப்படுத்தும்போது எல்லாரும் கைகூசாமல் எழுதும் சொல் 'பயிற்சியாளர்'. தவறான சொல் என்பது என் முடிவு. 'பயிற்றுநர்' என்று எழுத வேண்டும்.

மூலச்சொல்லான ஆங்கில 'கோச்'சின் கதை சின்னது. ஹங்கேரியில் கோச் என்றொரு ஊர். பதினைந்தாம் நூற்றாண்டில் அங்கே செய்த குதிரை வண்டிக்கு ஊர்ப்பெயரே பெயராகி, ஐரோப்பா முழுக்கப் பரவியது. நம் பழைய 'கோச்சு வண்டி'யும் அந்த வழியில் வந்ததுதான். 1830 வாக்கில் ஆக்ஸ்போர்டு மாணவர்கள், தங்களைத் தேர்வில் கரை சேர்க்கும் தனி ஆசிரியரை அந்த வண்டியின் பெயரால் அழைத்தார்கள். 1860-களில் அது விளையாட்டுக்கும் வந்துவிட்டது. ஆக, ஒருவரை ஓரிடத்திலிருந்து இன்னோரிடத்துக்குக் கொண்டுசேர்ப்பவர் என்பது கருத்து. செய்பவர் ஒருவர், பலன் பெறுபவர் இன்னொருவர்.

இந்த இரண்டு பேரையும் பிரித்துக் காட்டத் தமிழில் தன்வினை, பிறவினை என்ற அருமையான வசதி இருக்கிறது. பயில்வது ஆட்டக்காரர், பயிற்றுவது மற்றவர். பயில்பவர் பயிலுநர், பயிற்றுபவர் பயிற்றுநர். ஓட்டுநர், நடத்துநர், இயக்குநர் எல்லாம் இதே வார்ப்பு.

'பயிற்சியாளர்' இந்த வேறுபாட்டை அழித்துவிடுகிறது. '-ஆளர்', '-ஆளி' எங்கே ஒட்டினாலும், முன்னால் நிற்கும் பெயரை உடையவர் அல்லது அந்தச் செயலைத் தானே செய்பவர் என்றுதான் பொருள் வரும். பார்வையாளர் பார்க்கிறவர். உழைப்பாளர் உழைக்கிறவர். பயனாளி பயனைப் பெறுகிறவர், கொடுக்கிறவர் இல்லை. நோயாளி நோய் உடையவர். அப்படியானால் பயிற்சியாளர் யார்? பயிற்சி பெறுகிறவர்! தமிழ்நாட்டுத் தொழிற்பயிற்சி நிலையங்களின் சேர்க்கை அறிவிப்புகளைப் பாருங்கள், 'பயிற்சியாளர்களுக்கு உதவித்தொகை' என்று இருக்கும். அங்கே அந்தச் சொல்லுக்குப் பொருள் மாணவர். அது சரியான பயன்பாடு. விளையாட்டுப் பக்கம்தான் அதே சொல்லைத் தலைகீழாகப் பிடித்திருக்கிறது.

ரக்பி வீரரின் வாழ்க்கையை எழுதும்போது இந்தக் குழப்பம் இன்னும் கூடும். இங்கிலாந்தின் வடபகுதிக் கழகங்கள் பதின்வயதுப் பையன்களைத் தங்கள் பயிற்சிப் பிரிவில் சேர்த்துக்கொள்ளும். பல ஆண்டு ஆடி ஓய்வுபெற்றபின் சிலர் அதே கழகத்துக்குக் கற்றுக்கொடுக்கத் திரும்புவார்கள். 'கழகத்தில் பயிற்சியாளராகச் சேர்ந்தார்' என்ற ஒரே வாக்கியம் இரண்டு கட்டத்துக்கும் பொருந்துகிறது. வயதைச் சொல்லாவிட்டால் எது என்று வாசகருக்கு எப்படித் தெரியும்?

மூன்றாவது ஆளும் உண்டு. ரக்பி லீக்கில் ஆட்டம் நடக்கும்போதே தண்ணீர், முதலுதவி, மேலிடத்துச் செய்தி எல்லாவற்றையும் சுமந்துகொண்டு களத்துக்குள் ஓடும் ஊழியர்கள் இருக்கிறார்கள். ஆஸ்திரேலியாவின் முதன்மை ரக்பி லீக் தொடரான என்.ஆர்.எல். போட்டிகளில் அவரவர் வேலைக்கேற்பத் தனித்தனி நிறத்தில் சட்டை போட்டிருப்பார்கள். ஆங்கிலத்தில் அவர்களுக்கு 'டிரெய்னர்' என்று பெயர். அகராதியை மட்டும் பார்த்து மொழிபெயர்ப்பவர் இவர்களையும் பயிற்சியாளர் ஆக்கிவிடுகிறார். மேலே அரங்கில் உட்கார்ந்து வியூகம் வகுப்பவரும் கீழே தண்ணீர்ப் புட்டியோடு ஓடுபவரும் ஒருவராகிவிடுகிறார்கள். களத்துக்குள் ஓடுபவரைக் களஉதவியாளர் என்றால் போதும்.

வழக்கத்தில் வந்த சொல்லை மாற்ற முடியாது என்பார்கள். இலங்கை விளையாட்டுச் செய்திகள் நாள்தோறும் 'பயிற்றுவிப்பாளர்' என்றுதான் எழுதுகின்றன, வாசகர் யாரும் தடுமாறவில்லை. அதில் 'வி' மிகை, 'பயிற்று' என்பதே பிறவினைதான். ஆனாலும் பொருள் பிழையில்லை, பிறருக்குச் சொல்லித்தருபவர் என்பது தெளிவாக நிற்கிறது. தமிழ்நாட்டிலும் வட்டார வளமையங்களில் இருப்பவர்களை 'ஆசிரியர் பயிற்றுநர்' என்கிறோம். பள்ளிக்கல்வியில் சரியாக வழங்கும் சொல் விளையாட்டுப் பக்கத்துக்கு மட்டும் ஏன் ஆகாது? 'பயிற்சியை ஆள்பவர்' என்று பிரித்துக் காப்பாற்றுவோரும் இருக்கிறார்கள். அப்படிப் பிரித்தால் நோயாளி நோயை ஆள்பவர் ஆகிவிடுவார்.

அப்புறம், இதே மொழிபெயர்ப்பாளர்கள் 'லீக்' என்ற சொல்லையும் விடுவதில்லை. 'ரக்பி லீக் தொடரில் ஆடினார்' என்று எழுதுகிறார்கள். ரக்பி லீக் ஒரு தொடரின் பெயரில்லை, தனி விளையாட்டு. வேலைநாளில் ஆடப்போய்க் கூலியை இழந்த சுரங்கத் தொழிலாளர்களுக்கும் ஆலைத் தொழிலாளர்களுக்கும் இழப்பீடு கொடுக்கலாமா என்ற சண்டையில், 1895 ஆகஸ்ட் 29 அன்று ஹடர்ஸ்ஃபீல்டின் ஜார்ஜ் ஹோட்டலில் கூடி வடபகுதிக் கழகங்கள் பிரிந்தன. 1906-இல் அணிக்கு 13 பேர் என்று குறைத்தார்கள். பிரிவுக்கு முந்திய மூல ஆட்டமான ரக்பி யூனியனில் இன்றும் 15 பேர். 'லீக்', 'யூனியன்' இரண்டையும் பெயர்ச்சொல்லாக அப்படியே விட்டுவிடுவதுதான் தெளிவு. தனித்தமிழ் ஆர்வத்தில் 'ஒன்றியம்', 'கூட்டமைப்பு' என்று மாற்றினால் அவை நிர்வாக அமைப்புகள்போல ஒலிக்கின்றன.

2022-இன் பிற்பகுதியில் 'அயர்லாந்து ரக்பி பயிற்சியாளர்' என்று மொட்டையாக எழுதியிருந்தால் அது கோர்கரனையும் குறிக்கும், ஆண்டி ஃபாரலையும் குறிக்கும். ஃபாரல் இங்கிலாந்தின் விகனில் பிறந்து, அந்த ஊர்க் கழகத்துக்கும் கிரேட் பிரிட்டனுக்கும் ரக்பி லீக் ஆடியவர். 2019 யூனியன் உலகக் கோப்பைக்குப்பின் அயர்லாந்து யூனியன் அணியின் தலைமைப் பயிற்றுநரானார். 2005-இல் அவர் விகனை விட்டு சாரசென்ஸ் என்ற யூனியன் கழகத்துக்குப் போனதை 'அணி மாறினார்' என்று எழுதினால் பாதிச் செய்திதான். அன்று அவர் ஆட்டத்தையே மாற்றிக்கொண்டார்.