சென்டரிங் இல்லாமல் எழுந்த செங்கல் கூரை

பாக்தாத்துக்குத் தென்கிழக்கே சுமார் 35 கிலோமீட்டரில் நிற்கிறது தாக் கஸ்ரா. இஸ்லாத்துக்கு முன் பாரசீகத்தை ஆண்ட சாசானிய வம்சத்தின் தலைநகரான தெசிபோனில் மிஞ்சியிருக்கும் அரண்மனை மண்டபம். வளைவின் அகலம் சுமார் 25 மீட்டர், உயரம் 30 மீட்டருக்கும் மேல். கம்பி கிடையாது, கான்கிரீட் கிடையாது, வெறும் செங்கல்தான். இந்த வகையில் உலகிலேயே அகலமான கூரை இதுதான் என்கிறார்கள்.

பெரிய மரங்கள் அரிதான நாடு அது. அதனால், கட்டும்போது வளைவைத் தாங்கும் மரச் சென்டரிங் இல்லாமலேயே கூரையை எழுப்பினார்கள். அடிப்பகுதியில் செங்கலைப் படுக்கையாக அடுக்கி, ஒவ்வொரு வரிசையையும் கொஞ்சம் உள்ளே தள்ளி இடைவெளியைக் குறைத்தார்கள். அப்புறம் செங்கலை நிறுத்தி, பின்சுவரின் மேல் சாய்த்து ஒட்டினார்கள். ஜிப்சக் காரை சீக்கிரம் இறுகிவிடும், செங்கல் நழுவாது. ஒரு வளையம் முடிந்ததும் அது தானே நிற்கும். அடுத்த வளையம் அதன்மேல் சாயும்.

வளைவின் வடிவம் அரைவட்டம் அல்ல. தொங்கும் சங்கிலியைத் தலைகீழாக்கினால் வரும் வடிவத்துக்கு நெருக்கமானது. அதனால் எடை முழுவதும் அழுத்தமாகவே கீழே இறங்குகிறது. செங்கல் அழுத்தத்தைத் தாங்கும், இழுவையைத் தாங்காது. எடை இறங்கும் பாதையில் ஓரிடத்தில் செங்கல் உதிர்ந்தால், பக்கத்திலுள்ள செங்கற்கள் அந்தச் சுமையையும் சேர்த்துத் தாங்க வேண்டும்.

1888 வெள்ளத்தில் முகப்பின் ஒரு பக்கம் விழுந்தது. 1915இல் அருகிலேயே ஆங்கிலேயரும் ஒட்டோமானியரும் போரிட்டார்கள். 2003 படையெடுப்புக்குப் பின் அந்த வட்டாரமே வன்முறையில் சிக்கியது. குண்டைவிட எனக்குப் பெரிதாகத் தெரிவது, அந்த ஆண்டுகளில் தவறிப்போன பராமரிப்பு. நிலத்தடி நீர் சுவரில் ஏறி, காயும்போது உப்பை விட்டுச் செல்கிறது. உப்புப் பூத்த செங்கல் பொரிந்து உதிர்கிறது. மேலே விரிசலில் மழை இறங்கினால் ஜிப்சக் காரை மெல்லக் கரையும். 2019இலும் 2020இலும் கூரையிலிருந்து துண்டுகள் விழுந்தன.

சிமென்ட் பூசினால் சரியாகிவிடுமே என்று தோன்றலாம். கூடாது. சிமென்ட் ஈரத்தை வெளியே விடாது. உப்பு பழைய செங்கலுக்குள்ளேயே படிகமாகி அதை உடைக்கும். பழைய காரையோடு ஒத்துப்போகும் காரைதான் வேண்டும். அதற்கு முன் லேசர் ஸ்கேனும் ட்ரோன் படங்களும் எடுத்து முப்பரிமாண மாதிரி செய்துகொண்டால், அடுத்த முறை அளக்கும்போது எந்த விரிசல் எவ்வளவு நகர்ந்திருக்கிறது என்று ஒப்பிடலாம். போரில் சிதையும் பாரம்பரியச் சின்னங்களைக் காக்க நிதி தரும் ஆலிஃப் அமைப்பின் உதவியில் பென்சில்வேனியா பல்கலைக்கழகக் குழுவும் ஈராக் தொல்லியல் துறையும் அவசரத் தாங்கு வேலைகளில் இறங்கியிருக்கின்றன. கூரைக்கு முட்டுக் கொடுப்பதோடு, மழைநீர் வடியவும் அடிச்சுவரின் ஈரம் குறையவும் வழி செய்தாக வேண்டும்.