வாய்தாவுக்குப் போகாமல் வழக்கு தள்ளுபடியானால்

பெங்களூருத் தமிழர்கள் பலருக்கு வழக்கு இங்கே சிட்டி சிவில் நீதிமன்றத்தில் இருக்க, சாவும் பிரசவமும் தருமபுரியிலோ வேலூரிலோ நேர்கின்றன. ஊருக்குப் போன நாளில் வக்கீலும் ஆஜராகாமல் போனால், வழக்கு தள்ளுபடியாகிவிடும். நேரில் வரவேண்டும் என்று நீதிமன்றம் குறிப்பாக உத்தரவிட்ட நாள் நீங்கலாக, வக்கீல் ஆஜரானாலே வாதி ஆஜரானதாகக் கொள்ளப்படும்.

தள்ளுபடி உத்தரவு எந்த விதியின்கீழ் வந்தது என்பதைத்தான் முதலில் பார்க்க வேண்டும். 1908-ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில், கட்டளை 9, விதி 3-இன்படி இரு தரப்பும் வராததால் வழக்கு தள்ளுபடியானால், காலவரம்பு மீதமிருக்கும்வரை வாதி புதிய வழக்கே தொடுக்கலாம். அல்லது பழைய வழக்கை மீண்டும் கோப்புக்கு எடுக்கும்படி மனு (மீட்பு மனு) செய்யலாம். பிரதிவாதி வந்திருந்து, கோரிக்கையை ஒப்புக்கொள்ளாத நிலையில், வாதி மட்டும் வராமல் விதி 8-இன்கீழ் தள்ளுபடியானால், அதே வழக்கு மூலத்தை, அதாவது வழக்குக்கு அடிப்படையான அதே காரணத்தை வைத்து மறுபடி வழக்குத் தொடுக்க விதி 9 இடம் தராது. அப்போது மீட்பு மனு ஒன்றே வழி. 'தள்ளுபடிதானே, புதிதாகப் போட்டுக்கொள்ளலாம்' என்று யாராவது தைரியம் சொன்னால், உத்தரவின் சான்றிட்ட நகலைப் பார்க்காமல் அதை நம்ப வேண்டாம்.

இரண்டு வகையிலும் மீட்பு மனுவுக்குத் தள்ளுபடியான நாளிலிருந்து 30 நாள் அவகாசம் உண்டு. அது கடந்துவிட்டால், 1963-ஆம் ஆண்டின் காலவரம்புச் சட்டம், பிரிவு 5-இன்கீழ் தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவையும் சேர்த்துத் தாக்கல் செய்து, தாமதத்துக்கான காரணத்தை விளக்க வேண்டும். வராமைக்குப் போதிய காரணம் இருந்ததா என்பதையே நீதிபதி பார்ப்பார் என்பதால், மருத்துவச் சான்று, இறப்புச் சான்று, பயணச்சீட்டு போன்றவற்றை ஊரிலிருந்து திரும்பும்போதே கையோடு கொண்டுவருவது நல்லது. விதி 9-இன்கீழ் எதிர்த்தரப்புக்கு அறிவிப்பு அனுப்பிய பிறகே வழக்கு மீட்கப்படும்; செலவுத் தொகை கட்டும்படியும் உத்தரவாகலாம். விதி 9 மனு மறுக்கப்பட்டால், அந்த மறுப்பை எதிர்த்து மேல்முறையீடு செய்ய முடியும்.

வக்கீலின் தவறுக்காகக் கட்சிக்காரர் துன்பப்படக் கூடாது என்று ரஃபீக் எதிர் முன்ஷிலால் வழக்கில் 1981-இல் உச்ச நீதிமன்றம் கூறியது. ஆயினும் பல வருடம் விசாரிக்காமலே இருந்தவருக்கு அந்தத் தீர்ப்பு எளிதில் கைகொடுக்காது. ஒவ்வொரு வழக்குக்கும் தனியாகத் தரப்படும் 16 இலக்க சி.என்.ஆர். எண்ணை, நீதிமன்றங்களின் இ-கோர்ட்ஸ் செயலியில் இட்டு, அடுத்த வாய்தாவைத் தாமே பார்த்துக்கொள்ளலாம்.

காசோலை பணமின்றித் திரும்பிய வழக்குகளில் நிலைமை வேறு. புகார்தாரர் வராவிட்டால், பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா என்ற குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் பிரிவு 279-இன்படி 30 நாள் அவகாசம் தந்து, பிறகும் வராதபோது எதிரியை (குற்றஞ்சாட்டப்பட்டவரை) விடுதலை செய்ய நீதிபதிக்கு அதிகாரமுண்டு. அந்த விடுதலையை அதே நீதிமன்றம் திரும்பப் பெற இயலாது, மேல்முறையீட்டுக்குத்தான் போகவேண்டும்.

வக்கீல் வைக்க வசதியில்லாதவர்கள் 15100 என்ற எண்ணில் சட்ட உதவி கேட்கலாம். பெண்களுக்கும், பட்டியல் சாதி, பழங்குடி மக்களுக்கும் வருமான வரம்பின்றி இலவச வக்கீல் பெறும் உரிமை உண்டு. மீட்பு மனுவுக்கும் அந்த உதவியைக் கோரலாம்.