அட்டை தொலைந்தால் மாற்று அட்டை கேளுங்கள்; புதிதாகப் பதியாதீர்கள்

தருமபுரியில் வழக்கறிஞராகத் தொழில் செய்து வருகிறேன். அடையாள அட்டை தொலைந்துவிட்டது என்பதற்காக யாரும் வழக்கறிஞரைத் தேடி வருவதில்லை. அந்த அட்டை தொலைந்து பல ஆண்டுகள் கழித்து, வாரிசுச் சான்றிதழுக்கோ ஓய்வூதியத்திற்கோ வங்கிக் கடனுக்கோ விண்ணப்பிக்கும்போது, ஒரே மனிதரின் பெயரில் இரண்டு பதிவுகள் இருப்பது தெரியவரும். அப்போதுதான் கட்சிக்காரர் காகிதக் கட்டோடு வந்து உட்காருவார். விசாரித்தால் பெரும்பாலும் காரணம் ஒன்றாகவே இருக்கும். அட்டை காணாமல் போன நாளில் யாரோ ஒருவர், “அதைத் தேடிக்கொண்டு அலைவானேன், புதுசாகவே எடுத்துவிடலாம்” என்று யோசனை சொல்லியிருப்பார்.

தொலைந்தது அட்டை மட்டுமே. அதற்குரிய எண்ணும் பதிவும் அரசிடம் அப்படியே இருக்கின்றன என்பதால், கேட்க வேண்டியது மாற்று அட்டையையே. பான் அட்டை தொலைந்தவர் பழைய எண்ணை மறைத்துப் புதிய விண்ணப்பம் கொடுத்தால், ஒருவரே இரண்டு பான் எண்கள் வைத்திருந்த குற்றத்திற்கு 10,000 ரூபாய் அபராதம் விதிக்கச் சட்டம் இடம் தருகிறது. பழைய எண்ணிலேயே மறு அச்சு கேட்பதற்கான கட்டணமோ வெறும் 50 ரூபாய். வாக்காளர் பட்டியலில் ஒருவர் பெயர் இரண்டு இடங்களில் இருக்கக் கூடாது என்று 1950ஆம் ஆண்டின் மக்கள் பிரதிநிதித்துவச் சட்டத்தின் 17, 18 பிரிவுகள் சொல்கின்றன; தெரிந்தே பொய் உறுதிமொழி கொடுத்தால் 31ஆம் பிரிவின்படி ஓராண்டு வரை சிறைத் தண்டனை உண்டு. ஆதாரில் இந்தச் சிக்கலே எழாது. இரண்டாம் முறை பதிவு செய்தால் கைரேகையும் கருவிழியும் பழைய பதிவோடு பொருந்திப்போய் விண்ணப்பம் நிராகரிக்கப்படும். ஆனால் அது தெரிய வரும் வரை காத்திருந்த நாட்கள் வீணாகும்.

நம் பகுதியில் அட்டைகள் தனித்தனியாகத் தொலைவதும் அரிது. பெங்களூருக்கும் திருப்பூருக்கும் வேலைக்குப் போய் வருபவர்கள் பேருந்திலும், விடுமுறைக்கு ஒகேனக்கல் வருபவர்கள் எண்ணெய் தேய்த்துக் குளிக்கும் இடத்திலும் இழப்பது பெரும்பாலும் மணிபர்ஸும் கைப்பேசியும் சேர்த்துத்தான். அப்படி இழந்தவர் முதலில் செய்ய வேண்டியது ஆதார் மையத்திற்கு ஓடுவதன்று. ஏ.டி.எம். அட்டையையும் கைப்பேசி வழிப் பணப் பரிமாற்றத்தையும் வங்கியில் சொல்லி நிறுத்திவிட்டு, அதே எண்ணுக்கு மாற்று சிம் வாங்க வேண்டும். ஆதார், பான், வாக்காளர் அட்டை, குடும்ப அட்டை என எதற்கு விண்ணப்பித்தாலும் ஓ.டி.பி. அந்த எண்ணுக்குத்தான் வரும். கணக்கிலிருந்து பணம் ஏற்கெனவே போயிருந்தால் இணையவழிப் பண மோசடிக்கான 1930 என்ற உதவி எண்ணை உடனே அழைக்க வேண்டும். அதில் மணிக்கணக்கில் தாமதிப்பது பணத்தைக் கைவிடுவதற்குச் சமம்.

சிம் வாங்க ஆதார் கேட்கிறார்கள், ஆதாரைத் தரவிறக்க சிம் கேட்கிறது என்று பலர் இந்த இடத்தில் திகைத்து நிற்பார்கள். ஆதார் எண் தெரிந்தால் போதும். தொலைத்தொடர்பு நிறுவனத்தின் கடையில் கைரேகை வைத்தே அடையாளத்தை உறுதிசெய்ய முடியும். எண்ணும் நினைவில் இல்லையென்றால் வங்கிக் கிளையிலோ பிள்ளைகளின் பள்ளியிலோ எரிவாயு முகவரிடமோ நூறு நாள் வேலைக்காக ஊராட்சி அலுவலகத்திலோ கொடுத்த நகல் எங்காவது இருக்கும். எதுவும் கிடைக்காதவர் நிரந்தர ஆதார் மையத்திற்கு நேரில் சென்று பதிவை மீட்டெடுக்கலாம். கிரானைட் குவாரியில் கல்லோடு மல்லுக்கட்டிக் கைரேகை தேய்ந்துபோனவர்களும் முதியவர்களும் அங்கே கருவிழிப் பதிவைக் கேட்டுப் பெற வேண்டும். ரேகை விழவில்லை என்று சொல்லித் திருப்பி அனுப்பினால் அதோடு விட்டுவிடக் கூடாது. பெங்களூரில் வாங்கிய சிம்மை ஆதாரில் இணைத்துவிட்டு, ஊர் திரும்பியதும் அதற்கு ரீசார்ஜ் செய்யாமல் விட்டவர்களின் நிலை இன்னும் சிரமமானது. அந்த எண் காலப்போக்கில் வேறொருவருக்கு ஒதுக்கப்பட்டுவிடும். அவர்கள் முதலில் ஆதார் மையத்தில் கைப்பேசி எண்ணை மாற்றிக்கொள்ள வேண்டும். அதற்கு வேறு ஆவணம் எதுவும் தேவையில்லை.

அடுத்து, காவல் நிலையம். எல்லா அட்டைக்கும் காவல் துறைச் சான்று வேண்டும் என்று நம்பி, அதற்காக இடைத்தரகரிடம் பணம் கொடுப்பவர்கள் இருக்கிறார்கள். ஆதாருக்கோ குடும்ப அட்டைக்கோ அப்படியொரு சான்று தேவையில்லை. ஓட்டுநர் உரிமம், கடவுச்சீட்டு, வாகனப் பதிவுச் சான்று, கல்விச் சான்றிதழ் ஆகியவை தொலைந்தால், தமிழ்நாடு காவல் துறையின் இணையதளத்தில் தொலைந்த ஆவண அறிக்கையை வீட்டிலிருந்தபடியே பதிவு செய்து உடனே எண்ணுடன் பெற்றுக்கொள்ளலாம். இங்கே ஒன்றை அழுத்தமாகச் சொல்ல வேண்டும். பர்ஸைத் திருடிக்கொண்டு போயிருக்கும்போது, அலைச்சலுக்குப் பயந்து ‘தொலைந்துவிட்டது’ என்று எழுதிக் கொடுக்காதீர்கள். தொலைந்த ஆவண அறிக்கை வெறும் தகவல் பதிவு. அதன்மேல் யாரும் விசாரிக்க மாட்டார்கள். நாளை உங்கள் ஆதார் நகலை வைத்து ஒருவர் சிம் வாங்கினாலோ கடன் எடுத்தாலோ, திருட்டு நடந்த நாளில் நீங்கள் கொடுத்த புகாரே உங்களுக்குத் துணை நிற்கும். 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 173ஆம் பிரிவின்படி, சம்பவம் எந்த எல்லையில் நடந்திருந்தாலும் எந்தக் காவல் நிலையத்திலும் புகார் கொடுக்கலாம். ஆகவே ஓசூர் பேருந்து நிலையத்தில் பறிகொடுத்தவரை, அரூரில் புகார் கொடுக்க வந்தால் ‘அங்கே போ’ என்று அனுப்ப முடியாது.

உங்கள் பெயரில் எத்தனை சிம்கள் இருக்கின்றன என்பதை மத்திய அரசின் சஞ்சார் சாத்தி தளத்தில் பார்க்கலாம். யார் பெயரில் என்னென்ன கடன் இருக்கிறது என்று பதிந்து வைக்கும் கடன் தகவல் நிறுவனங்கள் ஆண்டுக்கு ஒருமுறை இலவசமாக அறிக்கை தர வேண்டும்; அட்டை தொலைந்து சில மாதங்கள் கழித்து அதை வாங்கிப் பார்ப்பது நல்லது. ஆதாரின் கைரேகைப் பதிவைப் பூட்டி வைக்கும் வசதியும் இருக்கிறது.

வாக்காளர் அட்டைக்கு உரியது படிவம் 8. 2022 ஆகஸ்ட் முதல் திருத்தம், இடமாற்றம், மாற்று அட்டை எல்லாவற்றுக்கும் இதுவே. இங்கே நம் இரு மாவட்டங்களுக்கென்று ஒரு குழப்பம் உண்டு. கிருஷ்ணகிரி மாவட்டம் தருமபுரியிலிருந்து பிரிந்தது 2004 பிப்ரவரி 9 அன்று; மொரப்பூர், காவேரிப்பட்டணம் சட்டமன்றத் தொகுதிகள் தொகுதி மறுசீரமைப்பில் மறைந்தன. எனவே போச்சம்பள்ளிக்காரரின் பழைய அட்டையில் மாவட்டம் தருமபுரி என்றும், மாற்று அட்டையில் கிருஷ்ணகிரி என்றும் இருக்கும். மிகப் பழைய அட்டையின் நீளமான எண்ணும் பத்து எழுத்துள்ள எண்ணாக மாறியிருக்கலாம். இவை பிழைகள் அல்ல. இவற்றைத் திருத்தக் கேட்டு விண்ணப்பிக்கவும் வேண்டாம். ஆனால் பழைய அட்டையின் நகல் இருந்தால் தூக்கிப் போடாதீர்கள். பத்திரத்திலும் வங்கியிலும் நீங்கள் முன்பு கொடுத்த எண் அதுதான்.

மாற்று அட்டை கேட்கும் முன் பட்டியலில் பெயர் இருக்கிறதா என்று பாருங்கள்; 1950 என்ற தொலைபேசி எண்ணிலும் கேட்கலாம். தமிழ்நாட்டில் 2025 நவம்பர் 4 அன்று தொடங்கிய வாக்காளர் பட்டியலின் சிறப்புத் தீவிரத் திருத்தத்தில் பெயர் விடுபட்டிருந்தால், படிவம் 8 பயன்படாது. படிவம் 6 கொடுத்துப் பெயரைச் சேர்க்க வேண்டும். புதிதாகப் பதியாதீர்கள் என்று நான் சொல்வதற்கு விதிவிலக்கு இது. மறுபுறம், பட்டியலில் பெயர் இருந்து அட்டை மட்டும் இல்லாதவர், தேர்தல் ஆணையம் ஏற்கும் ஆதார், ஓட்டுநர் உரிமம், படம் ஒட்டிய வங்கிப் புத்தகம் போன்றவற்றில் ஒன்றைக் காட்டி வாக்களிக்கலாம்.

குடும்ப அட்டை தொலைந்தால் பொருள் நின்றுவிடுமோ என்று பதற வேண்டியதில்லை. கைரேகை வைத்தே கடையில் பொருள் வாங்குகிறோம். நகல் அட்டைக்குப் பொது விநியோகத் திட்டத்தின் இணையதளத்திலோ இ-சேவை மையத்திலோ விண்ணப்பித்தால் போதும். இழுபறியானால் வட்ட வழங்கல் அலுவலகத்திலும், அதற்கும் மேல் திங்கட்கிழமை ஆட்சியர் அலுவலகக் குறைதீர் கூட்டத்திலும் மனுக் கொடுத்து ரசீது வாங்குங்கள். ஓட்டுநர் உரிமத்திற்கு மத்திய அரசின் சாரதி இணையதளத்தில் விண்ணப்பித்துவிட்டு, மாற்று அட்டை வரும் வரை அரசின் மின் ஆவணப் பெட்டகமான டிஜிலாக்கரில் உள்ள மின் உரிமத்தைக் காட்டலாம். வாகனத் தணிக்கையில் அது செல்லும்.

எந்த அட்டையாயினும், அச்சிடச் சொல்வதற்கு முன் பதிவில் பெயரும் பிறந்த தேதியும் சரியாக உள்ளனவா என்று பார்த்துவிடுங்கள். பதிவில் இருக்கும் பிழைதான் அப்படியே மறுபடியும் அச்சாகி வரும். முத்திரைத்தாளில் உறுதிமொழி எழுதி, நோட்டரியிடம் கையெழுத்து வாங்கி வரச் சொன்னார்கள் என்று பலர் என்னிடமும் வருகிறார்கள். கடவுச்சீட்டுக்கே 2016 டிசம்பர் முதல் வெள்ளைத்தாளில் சுய உறுதிமொழி போதுமானது என்று அரசு எளிமையாக்கிவிட்டது. மற்ற அட்டைகளுக்கு யாராவது முத்திரைத்தாள் கேட்டால் எந்த விதியின்படி என்று எழுத்தில் கேளுங்கள்.

மாற்று அட்டை வந்தபின் பழையது பரணிலிருந்தோ பையின் ஓரத்திலிருந்தோ வந்து நிற்பதும் உண்டு. ஆதாரும் பானும் அதே எண்ணைக் கொண்டவை என்பதால் அதில் தீங்கில்லை. கடவுச்சீட்டு அப்படியன்று: தொலைந்ததாகத் தெரிவித்தவுடன் பழைய எண் ரத்தாகிவிடும், அதை எடுத்துக்கொண்டு விமான நிலையம் சென்றால் பயணம் அங்கேயே தடைபடும். அதைக் கடவுச்சீட்டு அலுவலகத்தில் ஒப்படைத்து, ஒப்படைத்ததற்கான கடிதத்தைக் கேட்டு வாங்கிக்கொள்ள வேண்டும்.