ரொட்டி சிவக்கும்போது என்ன நடக்கிறது?

திருமங்கலத்திலிருந்து ஒரு வாசகி கேட்டிருக்கிறார். ராத்திரி ஆட்டுக்கால் சூப் வைக்கிற நாட்களில், கூடச் சாப்பிட நெய், பூண்டு, மிளகு தடவி ரொட்டி வாட்டுகிறாராம். பூண்டு கருகிக் கசந்துவிடுகிறது. ரொட்டியோ ஓரத்தில் தீய்ந்து, நடுவில் வெளுத்து வருகிறது. "பன் பட்டர் ஜாம் கடைக்காரர் கல்லில் மட்டும் எப்படி ஒரே சீராகச் சிவக்கிறது? தெருமுனை வரை வருகிற அந்த வாசம் ரொட்டியில் எங்கே இருந்தது?" என்பது கேள்வி.

இரண்டாவது கேள்விதான் எனக்கு ரொம்பப் பிடித்தது. ஏனென்றால் அந்த வாசம் ரொட்டியில் எங்கேயுமே இருக்கவில்லை. கல்லில் போட்ட பிறகு, அந்த இரண்டு மூன்று நிமிடத்தில் புதிதாக உண்டாகிறது.

முதலில் தண்ணீர் கதையை முடித்துவிடலாம். பேக்கரி ரொட்டியின் எடையில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் தண்ணீர். சூடான கல்லில் வைத்ததும் அந்தத் தண்ணீர் ஆவியாகத் தொடங்கும். ஆவியாகிக்கொண்டே இருக்கும் வரை ரொட்டியின் மேல்பரப்பு 100 டிகிரியைத் தாண்டாது. கல் 180 டிகிரியில் இருந்தாலும் சரி. கொடுக்கிற வெப்பம் முழுவதும் தண்ணீரை ஆவியாக்கவே செலவாகிவிடும். பரப்பு காய்ந்த பிறகுதான் வெப்பநிலை ஏறும். ஏறக்குறைய 140 டிகிரியைத் தொட்டதும் சிவப்பு வேகமாகப் படியும். இட்லி எவ்வளவு நேரம் வெந்தாலும் வெள்ளையாகவே இருப்பதற்கும், அதே மாவு கல்லில் ஊற்றினால் சிவப்பதற்கும் இதுதான் காரணம். இட்லிப் பானைக்குள் நீராவி 100 டிகிரியோடு நின்றுவிடுகிறது.

சரி, சிவப்பது எது? பிரெஞ்சு மருத்துவரும் வேதியியலாளருமான லூயி கமீல் மையார் 1912-இல் இதை விவரித்தார். அவர் தேடியது வேறு. அமினோ அமிலங்கள் ஒன்றோடொன்று சேர்ந்து எப்படிப் புரதமாகின்றன என்று பார்த்துக்கொண்டிருந்தார். அமினோ அமிலத்தோடு சர்க்கரையைச் சேர்த்துச் சூடாக்கியபோது கரைசல் பழுப்பானது, கூடவே கரியமில வாயுவும் வெளியேறியது. இன்று இதை மையார் வினை என்கிறோம். காப்பிக் கொட்டை வறுபடுவதும், முறுக்கு பொன்னிறமாவதும், விளக்குத்தூண் பக்கம் ஜிகர்தண்டாவுக்குச் சுண்டக் காய்ச்சுகிற பால் நிறம் மாறுவதும் இந்த வினையால்தான்.

ரொட்டியில் இதற்கு வேண்டிய சரக்கு ஏற்கெனவே தயார். மாவில் உள்ள அமைலேஸ் நொதி மாவுச்சத்தை வெட்டி மால்டோஸ் சர்க்கரை ஆக்குகிறது. பேக்கரிக்காரர் போடுகிற சீனி நேரடியாக இந்த வினைக்கு வராது; ஈஸ்ட் அதைக் குளுக்கோஸாகவும் ஃபிரக்டோஸாகவும் உடைத்துத் தருகிறது. அமினோ அமிலங்கள் கோதுமையிலிருந்தும் ஈஸ்ட்டிலிருந்தும் வருகின்றன. மில்க் பிரெட் சாதா பிரெட்டைவிடச் சீக்கிரம் சிவக்கும். பாலின் லாக்டோஸும் பால் புரதமும் கூடுதலாகச் சேர்வதால் அப்படி. அதை வாட்டும்போது அடுப்பைக் குறைத்து வையுங்கள்.

வினையின் தொடக்கப் படிகளை வேகமாகச் சொல்கிறேன். சர்க்கரை மூலக்கூறு அமினோ அமிலத்தின் நைட்ரஜனோடு ஒட்டிக்கொள்கிறது. சேர்ந்தது தனக்குள்ளேயே அமைப்பு மாறுகிறது. பிறகு உடைகிறது. உடையும்போது, பக்கத்துப் பக்கத்துக் கார்பன்களில் ஆக்சிஜனை வைத்துக்கொண்டிருக்கும் சின்னச் சின்னத் துண்டுகள் கிடைக்கின்றன. இந்தத் துண்டுகள் சும்மா இருக்காது. அருகில் எந்த அமினோ அமிலம் கிடைத்தாலும் அதைப் போய்ப் பிடித்துக்கொள்ளும்.

அந்தப் பிடியில் நடப்பதுதான் இந்தக் கட்டுரையை எழுதவே என்னைத் தூண்டியது. ஜெர்மன் வேதியியலாளர் அடால்ஃப் ஸ்ட்ரெக்கர் 1862-லேயே இதைக் கவனித்திருந்தார். எல்லா அமினோ அமிலங்களுக்கும் ஒரு முனை பொது: ஒரு அமிலத் தொகுதி, ஒரு நைட்ரஜன். மறுமுனையில் தொங்கும் பக்கச் சங்கிலிதான் ஒன்றுக்கொன்று வேறுபடும். சர்க்கரைத் துண்டு பிடித்ததும் பொது முனையின் அமிலத் தொகுதி கரியமில வாயுவாகக் கழன்று போகிறது. மையார் பார்த்த குமிழிகள் இவைதான். நைட்ரஜனைச் சர்க்கரைத் துண்டு வாங்கிக்கொள்கிறது. எஞ்சுவது அந்தப் பக்கச் சங்கிலியும் அதன் முனையில் ஆல்டிஹைடு என்ற சின்ன அணுக்கூட்டமும். எடை குறைந்துவிட்டது, காற்றில் பறக்கிறது, மூக்குக்கு எட்டுகிறது. அதாவது வாசமே இல்லாத அமினோ அமிலத்தில் எல்லாவற்றுக்கும் பொதுவானதை வெட்டி எறிந்துவிட்டு, அதற்கே உரிய பகுதியை மட்டும் வாசமாக அனுப்புகிற வினை இது.

அதனால்தான் ஒவ்வொரு அமினோ அமிலத்துக்கும் ஒரு தனி வாசம். லியூசின் மாறினால் மால்ட் வாசம், ஹார்லிக்ஸ் பாட்டிலைத் திறந்ததும் வருமே, அந்த வகை. ஃபினைல்அலனின் தேன் வாசம் தரும். மெத்தியோனினில் கந்தகம் இருப்பதால் அது அவித்த உருளைக்கிழங்கு வாசமாகிறது. நீங்கள் வாட்டும் ஒரு துண்டு ரொட்டியிலிருந்து இவை எல்லாம் ஒரே சமயத்தில் கிளம்புகின்றன.

இந்தக் கூட்டத்தில் புரோலின் மட்டும் தனி. மற்றவற்றில் நைட்ரஜன் வெளியே நிற்கும், சர்க்கரைத் துண்டு அதை எளிதாகப் பறித்துக்கொள்ளும். புரோலினில் நைட்ரஜன் ஐந்து அணு வளையத்துக்குள் பூட்டப்பட்டிருக்கிறது. அமிலத் தொகுதி கழன்றாலும் நைட்ரஜன் வளையத்தை விட்டுப் போகாது. மிஞ்சிய அந்த வளையத்தோடு சர்க்கரையிலிருந்து வந்த இரண்டு கார்பன் துண்டு ஒட்டினால் 2-அசிட்டைல்-1-பைரோலின் கிடைக்கிறது. பெயர் நீளம், ஆனால் வாசம் உங்களுக்குத் தெரிந்ததுதான். பாஸ்மதி அரிசி கொதிக்கும்போது வருவது இது. பிரியாணியில் சிலர் போடுகிற ரம்பை இலையின் வாசமும் இதுவே. அரிசியும் இலையும் செடியாக இருக்கும்போதே, வெயிலில் நின்றபடி இதைத் தயாரித்து வைக்கின்றன. ரொட்டி அதே மூலக்கூறை 140 டிகிரிச் சூட்டில் செய்கிறது. ஒரு லட்சம் லிட்டர் தண்ணீரில் 10 மில்லிகிராம் கலந்தாலே மனித மூக்கு இதைக் கண்டுபிடித்துவிடும். தெருமுனை வரை வாசம் வருவதன் விடை இங்கே இருக்கிறது.

இனி அடுப்படிக்கு வருவோம். நடுவில் ஏன் வெளுக்கிறது? ரொட்டித் துண்டு பார்க்கத்தான் தட்டை. நெருங்கிப் பார்த்தால் எங்கும் குழி. வெறும் கல்லில் போட்டால் மேடான இடங்கள் மட்டும் கல்லைத் தொடும். குழிகளில் காற்று நிற்கும், காற்று வெப்பத்தைச் சரியாகக் கடத்தாது. நெய்யோ வெண்ணெயோ விட்டால் அது குழிகளை நிரப்பி, எல்லா இடத்துக்கும் சூட்டைக் கொண்டுபோகும். பட்டர் பன் கடைக்காரர் வெண்ணெயைக் கல்லில் தாராளமாக உருக்கிவிட்டு அதன்மேல் பன்னை அழுத்தித் தேய்க்கிறாரே, அந்த அழுத்தத்தில்தான் சீரான நிறம் வருகிறது. நீங்களும் தோசைக்கரண்டியால் மெல்ல அழுத்துங்கள்.

கல்லின் சூட்டைப் பார்க்கத் தண்ணீர் தெளிக்கிற வழக்கம் இங்கேயும் உதவும். துளி சுர்ரென்று சத்தம் போட்டு உடனே மறைந்தால் சரியான சூடு. முத்து மாதிரி உருண்டு ஓடினால் கல் 200 டிகிரியைத் தொட்டிருக்கும். துளிக்கு அடியில் உண்டான நீராவியே அதைத் தூக்கி வைத்திருக்கிறது. அந்தச் சூட்டில் ரொட்டி போட்டால் உள்ளே சூடேறும் முன்பே வெளியே தீய்ந்துவிடும்.

பூண்டுக்கு வருவோம். வடுகபட்டிச் சந்தையில் வாங்கின நல்ல மலைப்பூண்டாக இருந்தாலும் ஆரம்பத்திலேயே ரொட்டியோடு கல்லில் போட்டால் கசக்கத்தான் செய்யும். நசுக்கிய பூண்டுத் துணுக்கு மிகச் சிறியது, அதில் சர்க்கரைச் சத்தும் அதிகம். ரொட்டியின் ஈரம் வற்றிச் சிவக்கிற நேரத்துக்குள் அது சிவப்பைக் கடந்து கரியாகிவிடும். இன்னொரு விஷயமும் இருக்கிறது. முழுப் பூண்டில் காரமான வாசம் இல்லை. நசுக்கும்போது செல்கள் உடைந்து, தனித்தனியாக இருந்த அல்லினும் அல்லினேஸ் நொதியும் கலந்து அல்லிசின் உண்டாகிறது. சூடு பட்டால் அந்த நொதி செத்துவிடும். ஆகவே பூண்டை நசுக்கி ஐந்து நிமிடமாவது வெளியே வைத்திருங்கள். அப்புறம் இளஞ்சூடான நெய்யில் கலந்து, உப்பு, இடித்த மிளகு, வறுத்துப் பொடித்த சீரகம் சேர்த்துத் தயாராக வையுங்கள். ரொட்டியை முதலில் வெறும் நெய்யில் இரண்டு பக்கமும் சிவக்க விட்டு, அடுப்பை அணைத்த பிறகு இந்தக் கலவையைத் தடவுங்கள். கல்லில் மிஞ்சியிருக்கும் சூடே பூண்டின் பச்சை நெடியைத் தணித்துவிடும். சீரகம், மிளகு இரண்டின் வாசமும் தண்ணீரைவிடக் கொழுப்பில்தான் நன்றாகக் கரையும். நாம் எண்ணெயிலும் நெய்யிலும் தாளிப்பது அதனால்தான். இந்தக் கடைசித் தடவலுக்கு வெண்ணெயைவிட நெய்யே நல்லது. வெண்ணெயில் ஏறக்குறைய 16 சதவீதம் தண்ணீர் இருக்கிறது, மொறுமொறுப்பைக் கெடுத்துவிடும்.

இங்கே ஒரு விஷயத்தைச் சொல்லியாக வேண்டும். டோஸ்ட் செய்தால் ரொட்டியில் உள்ள சர்க்கரைச் சத்து எரிந்து போய்விடும், ஆகவே சர்க்கரை நோயாளிகள் எவ்வளவு வேண்டுமானாலும் சாப்பிடலாம் என்று வாட்ஸ்அப்பில் ஒரு செய்தி சுற்றுகிறது. ரொட்டியை வாட்டினால் குறைவது பெரும்பாலும் தண்ணீர். மாவுச்சத்து அப்படியே இருக்கிறது. நம் ஊரில் பிரெட் காய்ச்சல்காரர் சாப்பாடாகவே வெகுகாலம் இருந்ததால், அது ரொம்ப லேசான உணவு என்ற எண்ணம் நமக்குள் ஊறிவிட்டது. இந்தச் செய்தியை நம்பி மாத்திரை சாப்பிடுகிற பெரியவர்கள் நான்கு துண்டு, ஐந்து துண்டு என்று சாப்பிடுவதைப் பார்த்தால் எனக்குக் கவலையாக இருக்கிறது. இதில் கவனிக்க வேண்டியது, அவர்கள் எடுக்கிற எச்பிஏ1சி பரிசோதனை, 'மூன்று மாத சராசரி' என்பார்களே, அது அளப்பதே மையார் வினையின் தொடக்கப் படிகளைத்தான். ரத்தத்தில் உள்ள குளுக்கோஸ் ஹீமோகுளோபினோடு 37 டிகிரியிலேயே மெதுவாக ஒட்டிக்கொள்கிறது. சிவப்பணு ஏறக்குறைய 120 நாள் உயிரோடு இருப்பதால், ஒட்டியதன் அளவு கடந்த சில மாதக் கணக்கைக் காட்டிக்கொடுக்கிறது.

கருகிய ரொட்டி புற்றுநோய் தரும் என்ற பயத்துக்கு மட்டும் ஓரளவு அடிப்படை உண்டு. 1997-இல் தெற்கு ஸ்வீடனில் ஹாலன்ட்சோஸ் ரயில் சுரங்கம் தோண்டியபோது, கசிவை அடைக்கப் பயன்படுத்திய பொருளிலிருந்து அக்ரிலமைடு என்ற நச்சு வேதிப்பொருள் ஓடைநீரில் கலந்தது. மீன்கள் செத்தன, மாடுகள் நடக்க முடியாமல் விழுந்தன. தொழிலாளர்களின் ரத்தத்தைச் சோதித்தவர்கள், ஒப்பிட்டுப் பார்க்கச் சுரங்கத்தோடு சம்பந்தமே இல்லாதவர்களின் ரத்தத்தையும் எடுத்தார்கள். அதிலும் அக்ரிலமைடின் தடம் இருந்தது. ஸ்டாக்ஹோம் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் விடாமல் துருவி, அது உணவிலிருந்து வருகிறது என்று 2002-இல் அறிவித்தார்கள். அஸ்பராஜின் என்ற அமினோ அமிலமும் சர்க்கரையும் 120 டிகிரிக்கு மேல் சேர்ந்தால் அது உண்டாகிறது. எலிகளுக்கு அது புற்றுநோய் உண்டாக்குவது தெரிந்திருக்கிறது. உணவில் வரும் அளவு மனிதருக்கு என்ன செய்யும் என்பது உறுதிப்படவில்லை. பொன்னிறத்தில் இறக்குங்கள், கருத்த இடத்தைச் சுரண்டி எறியுங்கள். அதற்காக டோஸ்ட்டையே விட வேண்டியதில்லை.

சுரங்கக் கசிவில் தொடங்கி ரொட்டிக்கு வந்த ஆய்வு இது. புரதத்தைத் தேடி ரொட்டியின் நிறத்துக்கு வந்தவர் மையார். "இதனால் என்ன பயன்?" என்று முதல் நாளே கேட்டு நிதியை நிறுத்தியிருந்தால் இரண்டுமே கிடைத்திருக்காது. நம் நாடு மொத்த உள்நாட்டு உற்பத்தியில் ஒரு சதவீதத்தைக்கூட ஆராய்ச்சிக்குச் செலவிடுவதில்லை. மதுரையில் காமராசர் பல்கலைக்கழகம் இருக்கிறது, வேளாண் கல்லூரி இருக்கிறது. பன் பரோட்டாவும் கறி தோசையும் கல்லில் சிவக்கிற ஊரில், எந்தச் சூட்டில் எந்த வாசம் வருகிறது என்று வருடக்கணக்கில் உட்கார்ந்து பார்க்க இளம் ஆய்வாளர்களுக்குப் பணமும் நேரமும் கொடுக்க வேண்டும் என்பது என் உறுதியான எண்ணம்.

கடைசியாக, வாசகி கேட்காத ஒன்று. வாட்டிய ரொட்டியை ஹாட்பாக்ஸில் அடுக்கி மூடாதீர்கள். மேல்பரப்புதான் காய்ந்திருக்கிறது, நடுவில் இன்னும் ஈரம் உண்டு. அந்த ஈரம் ஆவியாகி மூடியில் பட்டுத் திரும்பி, பத்து நிமிடத்தில் எல்லாத் துண்டும் நமத்துப்போகும். கம்பித் தட்டில் பரப்புங்கள், இல்லையென்றால் ஒன்றோடொன்று சாய்த்து நிறுத்துங்கள். சூப்பை எல்லோருக்கும் ஊற்றிவிட்டு அதன் பிறகு ரொட்டியைக் கல்லில் போடுவது இன்னும் நல்லது.