பட்டியலில் பெயர் இல்லாதவரும் சாட்சி சொல்லலாமா?

"பொலிஸ் என்ர வாக்குமூலத்தை எடுக்கவே இல்லையே தம்பி, மறுகா நான் கோட்டுக்குப் போய் என்னத்தைச் சொல்ல?" மட்டக்களப்புப் பக்கம் இப்படிக் கேட்பவர்கள் நிறையப் பேர். சாட்சிப் பட்டியலில் பெயர் இல்லாவிட்டால் கதை முடிந்தது என்ற நினைப்பு. அது சரியல்ல.

1979 ஆம் ஆண்டின் 15 ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கை முறைச் சட்டக்கோவையின் 439 ஆம் பிரிவைப் பாருங்கள். விசாரணையின் எந்தக் கட்டத்திலும் நீதிமன்றம் யாரையும் சாட்சியாக அழைக்கலாம். அழைப்பாணை கிடைக்காமல் மன்றில் நிற்பவரையும் விசாரிக்கலாம். சாட்சியம் சொல்லி முடித்தவரை மறுபடி கூண்டில் ஏற்றலாம். களுவாஞ்சிகுடி நீதவான் நீதிமன்றமானாலும் கல்முனை மேல் நீதிமன்றமானாலும் இதே பிரிவுதான்.

இதுவரை எல்லாம் 'லாம்', நீதிபதியின் தற்றுணிபு, அதாவது செய்வதா விடுவதா என்பது அவர் முடிவு. பலர் இந்த இடத்தோடு வாசிப்பதை நிறுத்திவிடுகிறார்கள். ஆனால் அதே பிரிவின் பின்பாதி 'வேண்டும்' என்கிறது: நீதியான தீர்ப்புக்கு ஒருவருடைய சாட்சியம் இன்றியமையாதது என்று மன்றுக்குத் தோன்றினால் அவரை அழைத்தே ஆகவேண்டும்.

ஒரு கற்பனை வழக்கு. கல்லடிப் பாலத்தடியில் மோட்டார் சைக்கிள் ஒருவரை மோதுகிறது. அவர் குறுக்கே பாய்ந்தார் என்கிறார் ஓட்டியவர். இல்லை, ஓரமாகத்தான் நின்றேன் என்கிறார் அடிபட்டவர். மீன்பெட்டி கட்டிய சைக்கிளில் வந்த வியாபாரி எல்லாவற்றையும் கண்டார். ஐஸ் கரைந்துகொண்டிருந்ததால் பொலிஸ் வருமுன்னே போய்விட்டார். வழக்கு விசாரணையில் ஒரு சாட்சி, "மீன்காரரும் பாத்துக்கொண்டு நின்றவர்" என்று வாய்தவறிச் சொல்கிறார். அந்த ஒரு வரி பதிவானால் போதும், மீன்காரரை அழைப்பதா என்ற கேள்வி மன்றின் முன் வந்துவிடும்.

அதற்காக, வழக்குத் தொடுநர் விட்ட ஓட்டையெல்லாம் அடைத்துக் கொடுப்பது நீதிபதியின் வேலையல்ல. மன்று அழைத்த சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்ய எதிரிக்கு (குற்றஞ்சாட்டப்பட்டவருக்கு) வாய்ப்புக் கொடுக்காவிட்டால் மேன்முறையீட்டில் அதுவே பிரச்சினையாகும். சான்றுக் கட்டளைச் சட்டத்தின் 165 ஆம் பிரிவின்படி நீதிபதி தானும் கேள்வி கேட்கலாம். அந்தக் கேள்விக்குச் சட்டத்தரணி ஆட்சேபனை எழுப்ப முடியாது. 134 ஆம் பிரிவோ ஒரு விடயத்தை நிரூபிக்க இத்தனை சாட்சிகள் வேண்டும் என்று கணக்கு வைக்கவில்லை. நம்பத்தக்க மீன்காரர் ஒருவரே போதும்.

நேரடியாக நீதிபதிக்குக் கடிதம் எழுதாதீர்கள். கண்டதை உங்கள் பக்கச் சட்டத்தரணியிடம் சொல்லுங்கள். அவர்தான் மன்றில் விண்ணப்பிக்க வேண்டும். மிரட்டல் வந்தால், குற்றத்தால் பாதிக்கப்பட்டோருக்கும் சாட்சிகளுக்கும் உதவியும் பாதுகாப்பும் அளிக்கும் 2023 ஆம் ஆண்டின் 10 ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ்ப் பாதுகாப்புக் கேட்கலாம். அழைப்பாணை கையில் கிடைத்த பிறகு வியாபாரம் கெடும் என்று தவணைக்குப் போகாமல் இருந்தால் பிடியாணை வரலாம். வரமுடியாத காரணம் உண்மையாக இருந்தால், தவணைக்கு முன்பே மன்றுக்குத் தெரியப்படுத்திவிடுங்கள்.