கூட்டுறவு வங்கி ஓய்வூதியம்: மனு எழுதும் முன் கணக்கைப் பாருங்கள்

கூட்டுறவு வங்கிகளில் ஓய்வு பெற்றவர்கள் என்னிடம் கொண்டுவரும் மனுக்களில் பாதிக்கு மேல் ஒரே மாதிரி இருக்கும். "எனது ஓய்வூதியம் மிகவும் குறைவாக உள்ளது, கருணை கூர்ந்து உயர்த்தித் தரவும்." பெறுநர் இடத்தில் கலெக்டர், இணைப்பதிவாளர், வங்கியின் மேலாண்மை இயக்குநர், பி.எஃப். ஆணையர் என்று எல்லோரும் இருப்பார்கள். எந்தத் தொகையில் எது தவறு என்று மட்டும் இருக்காது. அந்த மனு 'உரிய நடவடிக்கைக்காக' ஓர் ஆபீசிலிருந்து இன்னோர் ஆபீசுக்குப் போய்க்கொண்டே இருக்கும். அதற்குள் மனுதாரருக்கு வயது ஏறிவிடுகிறது.

முதலில், தகராறு எந்தப் பணத்தைப் பற்றியது என்று பிரித்துக்கொள்ளுங்கள். மாதா மாதம் வருவது 1995ஆம் ஆண்டின் ஊழியர் ஓய்வூதியத் திட்டப் பணம். அதற்குப் பதில் சொல்ல வேண்டியது பி.எஃப். அலுவலகம். பணிக்கொடை வரவில்லை என்றால் வங்கிக்கு எழுதிவிட்டுத் தொழிலாளர் துறைக்குப் போக வேண்டும். விடுப்புச் சம்பளம் வங்கியின் பணிவிதிப்படி வருவது. மூன்றையும் ஒரே தாளில் எழுதினால் மூன்றுமே நகராது.

மாத ஓய்வூதியத்துக்கு வருவோம். சூத்திரம் எளிது: ஓய்வூதியச் சம்பளத்தை (உச்சவரம்புக்கு உட்பட்ட கடைசி 60 மாதச் சராசரி) பணிக்காலத்தால் பெருக்கி 70ஆல் வகுக்க வேண்டும். 20 வருடம் முடித்தவருக்கு 2 வருடம் கூடுதலாகச் சேரும். 1996இல் சேர்ந்து 2024இல் 58 வயதில் ஓய்வு பெற்ற ஒருவர், 15,000 பெருக்கல் 30 வகுத்தல் 70, ஆக 6,428 ரூபாய் வர வேண்டும் என்று நினைப்பார். கைக்கு வருவதோ 4,000 ரூபாயை ஒட்டித்தான். காரணம், 1.9.2014க்கு முந்தைய பணிக்காலத்துக்குச் சம்பள உச்சவரம்பு 6,500. 15,000 அதற்குப் பிந்தைய காலத்துக்கு மட்டும்தான். மனசு ஏற்காதுதான், எனக்கும் இது நியாயமாகப் படவில்லை. ஆனால் விதி இதுதான். இதைக் கணக்குப் பிழை என்று மனுப் போட்டு வருடங்களை வீணாக்க வேண்டாம்.

உண்மையான பிழைகள் வேறு இடத்தில் இருக்கும். பி.பி.ஓ.வோடு (ஓய்வூதிய வழங்கல் உத்தரவு) கணக்கீட்டுத் தாளையும் கேட்டு வாங்குங்கள். தராவிட்டால் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். அதில் 'பங்களிப்பு இல்லாத நாட்கள்' என்று ஓர் இடம் இருக்கும். நான் பார்த்த ஒரு தாளில் அங்கே முழுசாக ஒரு வருடம் கழிக்கப்பட்டிருந்தது. அவர் கடன் விவகாரம் ஒன்றில் தற்காலிகப் பணிநீக்கத்தில் இருந்தவர். பிறகு குற்றச்சாட்டு நிற்கவில்லை. அந்தக் காலம் பணிக்காலமாகக் கருதப்பட்டு நிலுவைச் சம்பளமும் கிடைத்தது. ஆனால் அதற்குரிய பி.எஃப். பங்களிப்பை வங்கி கட்டவேயில்லை. பிடித்தத்தைக் கட்டச் சொல்லி வங்கிக்கும், நாட்களைத் திருத்தச் சொல்லி பி.எஃப். அலுவலகத்துக்கும் தனித்தனியாக, மீண்டும் பணியில் சேர்த்த உத்தரவின் நகலோடு எழுதியபோதுதான் கோப்பு அசைந்தது.

இன்னொன்று, தொடக்கக் கூட்டுறவுச் சங்கத்தில் சில வருடம் வேலை பார்த்துவிட்டு மத்தியக் கூட்டுறவு வங்கிக்கு வந்தவர்களின் கதை. பழைய பி.எஃப். எண் புதியதோடு சேர்க்கப்படாமலே கிடக்கும். அதேபோல இந்தத் திட்டம் தொடங்கிய 16.11.1995க்கு முன்பே பழைய குடும்ப ஓய்வூதியத் திட்டத்தில் இருந்தவர்களுக்கு முன்பணிக்காலப் பலன் தனியாக உண்டு. அது சேர்ந்திருக்கிறதா என்று பாருங்கள். இவற்றுக்கெல்லாம் பணிப்பதிவேடும் ஆண்டுவாரிப் பி.எஃப். பங்களிப்பைக் காட்டும் படிவம் 3ஏ நகல்களும்தான் ஆதாரம். பணியில் இருக்கும்போதே நகல் எடுத்து வைத்துக்கொள்வது உத்தமம். ஓய்வுக்குப் பிறகு கேட்டால் "பழைய ரெக்கார்டு கிடைக்கவில்லை" என்ற பதில்தான் பெரும்பாலும் வரும்.

உச்சவரம்பைத் தாண்டி முழுச் சம்பளத்துக்கும் பி.எஃப். பிடிக்கப்பட்டவர்கள், அந்த முழுச் சம்பளத்தின்படியே கேட்கும் உயர் ஓய்வூதியப் பிரச்சினை தனி. உச்ச நீதிமன்றத்தின் 4.11.2022 தீர்ப்புக்குப் பின், 11.7.2023க்குள் இணையத்தில் விண்ணப்பித்தவர்களின் மனு நிராகரிக்கப்பட்டிருந்தால், நிராகரிப்பு உத்தரவை எழுத்தில் வாங்குங்கள். வங்கி சம்பள விவரத்தைச் சரியாக அனுப்பவில்லை என்பது காரணமாக இருந்தால், அந்தத் தவறுக்கு நீங்கள் பலியாக வேண்டியதில்லை.

பி.எஃப். அலுவலகத்துக்கு எழுதிய மனுவுக்குப் பதில் இல்லையா? அதன் இணையக் குறைதீர் தளத்தில் பதிவு செய்து எண்ணைக் குறித்துக்கொள்ளுங்கள். மாதந்தோறும் 27ஆம் தேதியை ஒட்டி மாவட்டங்களில் நடக்கும் குறைதீர் முகாமுக்கு அந்த எண்ணோடு போங்கள். அப்புறமும் நடக்கவில்லை என்றால் நுகர்வோர் ஆணையம் இருக்கிறது. இந்த ஓய்வூதியத் திட்டத்தின் உறுப்பினரும் நுகர்வோரே என்று உச்ச நீதிமன்றம் 2008இலேயே சொல்லிவிட்டது. அங்கே 2 வருடக் கெடு உண்டு. நினைவூட்டுக் கடிதம் அனுப்பிக்கொண்டே இருந்தால் அந்தக் கெடு நீளாது.